ரெண்டாம் சத்தத்துக்குப் பிறகு

மூச்சை வெளியே விட்டு அப்படியே நிறுத்தச் சொல்லியாயிற்று. ஜன்னலோரக் கட்டிலில் இருந்த ஆள் சொன்னபடி முன்னால் சாய்ந்து, உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு, மூச்சை நிறுத்திவிட்டான். இனி கேட்பது டாக்டர் சிற்சபேசன் பாடு. ஸ்டெதாஸ்கோப்பின் வட்டை நெஞ்செலும்புக்கு இடது ஓரமாக அழுத்தி வைத்துக் கண்ணை மூடிக்கொண்டார். கண்ணை மூடினால் சுற்றி நிற்கிறவர்களுக்கு ஒரு பயபக்தி வரும். அது அவருக்குத் தெரியும். அந்தக் காலத்தில் கேட்பதற்காக மூடினார். இப்போது எதற்கு மூடுகிறார் என்பது அவரைத் தவிர யாருக்கும் தெரியாது, தெரியவும் வேண்டாம். கட்டிலுக்கு அந்தப் பக்கம் பரீட்சைக்கு வந்த பெண், பெனிட்டா, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்கிறாள். எம்.பி.பி.எஸ். கடைசி வருஷம், ஷார்ட் கேஸ். ஷார்ட் கேஸில் நோயாளியோடு பேச்சு கிடையாது, என்ன செய்கிறது, எத்தனை நாளாய்ச் செய்கிறது என்று விசாரிக்கக் கூடாது. தொட்டுப் பார், கேட்டுப் பார், சொல். அவள் பார்த்தாள், கேட்டாள், சொல்லியும்விட்டாள். “ஹார்ட் சவுண்ட்ஸ் நார்மல் சார். மர்மர் எதுவும் இல்ல.” திக்காமல், நேரே முகத்தைப் பார்த்துச் சொன்னாள். மர்மர் என்பது வால்வு கெட்டால் லப்டப்புக்கு நடுவில் கேட்கிற மெல்லிய ஊதல். வெளியூரிலிருந்து தேர்வாளராக வந்த பெரிய டாக்டர் இப்போது அதைச் சரிபார்க்கிறார். சரிபார்க்கிறாராம். லப் என்றது. டப் என்றது. அப்புறம் ஒன்றுமில்லை. மறுபடி லப், டப், ஒன்றுமில்லை. அந்த ஒன்றுமில்லை யாருடையது? இந்த ஆளின் நெஞ்சுடையதா, தன் காதுடையதா? அது தெரியாமல்தான் சாமி கும்பிடுகிறவர் மாதிரி கண்ணை மூடிக்கொண்டு நிற்கிறார்.

சும்மா இருந்திருப்பார். ஒன்றுமில்லை என்று இந்தப் பெண்ணைப் போலவே சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போயிருப்பார். காலையில் டீ குடிக்கிற நேரத்தில் ஹமீதா வாயைத் திறந்து கெடுத்துவிட்டாள். ஹமீதா இந்தக் கல்லூரியின் பேராசிரியை, உள்ளூர்த் தேர்வாளர், ஒரு காலத்தில் இவரிடம் படித்தவள். “ஜன்னலோரம் மாசானம்னு ஒருத்தர் சார். மகாதமனி வால்வுல லேசான கசிவு. எக்கோ ஸ்கேன்ல வந்திருக்கு. நாடியில எல்லாம் ஒண்ணும் காட்டாது, காதுக்கு மட்டும்தான் பிடிபடும். உங்களுக்குன்னே வச்சிருக்கேன்.” உங்களுக்குன்னே. அந்த வார்த்தைக்கு அவர் சிரித்தார் பாருங்கள், அந்தச் சிரிப்பை இப்போது நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருக்கிறது. படித்த பிள்ளைகள் அவருக்கு வைத்திருந்த பெயர் ‘காது’. காது வருது, ஓடு. காது இன்னைக்கு லீவாம். நாலு கட்டில் தள்ளி நின்றே மர்மரைக் கேட்டுவிடுவார் என்று ஒரு கதை வேறு கட்டிவிட்டிருந்தார்கள். சுத்தப் பொய். மறுத்துச் சொன்னதில்லை. ஏன் மறுக்க வேண்டும்? இருந்தது அல்லவா காது? ரெண்டாவது சத்தத்துக்குப் பின்னால் நூல் இழுத்த மாதிரி ஒரு காற்று, இருக்கிறதோ இல்லையோ என்று சந்தேகிக்கிற மாதிரி ஒரு காற்று, அதைப் பிடித்து, இதோ, என்று காட்டுவார். கேட்காத பிள்ளைகளைத் திட்டுவார். “காதுல என்ன பஞ்சா வச்சிருக்க?” என்பார். எத்தனை பேரிடம் சொல்லியிருப்பார் அதை. ஹமீதாவிடமே சொல்லியிருப்பார்.

முதலில் போனது குக்கர் விசில். வீட்டில் மனைவி சௌந்தரம் குளிக்கப் போகும்போது சொல்லிவிட்டுத்தான் போனாள், மூன்று விசில் வந்தால் அடுப்பை அணையுங்கள் என்று. அவர் சமையலறை வாசலிலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். பருப்பு தீய்ந்து புகை கூடத்துக்கு வந்த பிறகுதான் தலையைத் தூக்கினார். ஈரத் தலையோடு ஓடி வந்தவள், “ஊருக்கே கேக்குது, உங்களுக்குக் கேக்கலியா?” என்றாள். நீ சொல்லவே இல்லை என்று சண்டை பிடித்தார். சொல்லவே இல்லை என்று இரண்டு நாள் சாதித்தார். அவளும் கடைசியில், சொல்லாமல் போய்விட்டேனோ என்னவோ, வயசாகிவிட்டது எனக்கு, என்று ஒத்துக்கொண்டாள். அந்த ஒத்துக்கொண்டதை அவர் வாங்கி வைத்துக்கொண்டார். திருப்பிக் கொடுக்கவில்லை. அப்புறம் விடியற்காலைக் குயில். குயிலுக்கு அந்த வருஷம் என்னவோ ஆகிவிட்டது என்றுதான் நினைத்தார். அப்புறம் கிளினிக்கில் தெர்மாமீட்டர். புதுசு, பீப் என்று கத்துமாம். ஒரு அம்மாளின் கக்கத்தில் வைத்துவிட்டுக் காத்திருந்தார், காத்திருந்தார், அந்த அம்மாளே வெட்கப்பட்டுக்கொண்டு, “சத்தம் வந்துருச்சு சார், எடுத்துரவா?” என்றாள். பருப்பு, குயில், தெர்மாமீட்டர். எல்லாம் கீச்சுச் சத்தம். மெல்லிசான, உயரமான சத்தமெல்லாம் ஒவ்வொன்றாய்ச் சொல்லிக்கொள்ளாமல் போய்விட்டன. தடித்த சத்தம் மட்டும் நிற்கிறது. பஸ், தண்ணீர் லாரி, சௌந்தரத்தின் இருமல். லப், டப். லப்புக்கும் டப்புக்கும் குறைவில்லை. மேளம் மாதிரிக் கேட்கிறது. அதற்கு நடுவில் இருக்கிற மெல்லிசுதான் போய்விட்டது. அந்த மெல்லிசுதான் அவர் பிழைப்பே.

காது சோதிக்கப் போனதை நினைக்காமல் இருந்திருக்கலாம். இந்த நேரத்தில்தான் அது வரவேண்டுமா? தெரிந்த ஊரில் சோதித்தால் தெரிந்துவிடும் என்று பஸ் ஏறி வேறு ஊருக்குப் போனார். பேரைக் கேட்டார்கள், அப்பா பேரைச் சொன்னார். தொழில் என்ன என்றார்கள், ரைஸ் மில் என்றார். மில்லில் சத்தம் ஜாஸ்தியாக இருக்கும், அதான், என்று அந்தப் பெண் பரிதாபப்பட்டாள். கண்ணாடி போட்ட ஒரு சின்ன அறையில் உட்கார்த்தி, காதில் மாட்டி, கையில் ஒரு பித்தானைக் கொடுத்தாள். சத்தம் கேட்டால் அமுக்க வேண்டும். அவ்வளவுதான் பரீட்சை. கேட்கவில்லை. ஆனால் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள் விரல் அசைவது தெரிந்தது. அவள் விரல் அசைந்தபோதெல்லாம் இவர் அமுக்கினார். அமுக்கி அமுக்கி நல்ல மார்க் வாங்கிக்கொண்டிருந்தார். கொஞ்ச நேரம் பார்த்தாள் அவள். கதவைத் திறந்து தலையை நீட்டி, சின்னப் பிள்ளைக்குச் சொல்கிற மாதிரி, “ஐயா, கண்ணை மூடிக்குங்க,” என்றாள். அன்றைக்குக் கண்ணை மூடிய பிறகு அவர் விரல் ஒரு தடவைகூட அசையவில்லை. வெளியே வந்து ரிப்போர்ட்டை வாங்காமலே பஸ் ஏறிவிட்டார். அதற்குப் பிறகு கிளினிக்குக்கு யார் வந்தாலும், நெஞ்சில் வைத்துக் கேட்கிற மாதிரி கேட்டுவிட்டு, “எதுக்கும் ஒரு எக்கோ எடுத்துருங்க,” என்கிறார். எக்கோ இல்லாமல் இதயம் பார்க்கத் தெரியாதவன் எல்லாம் டாக்டரா என்று மேடையில் பேசிய மனுஷன். சபாஷ். கை தட்டினார்கள்.

லப், டப். ஒன்றுமில்லை. எத்தனை நேரம் ஆயிற்று? இந்தப் பெண் பார்த்துக்கொண்டிருப்பாள். குனிவதற்கு முன்னால் நேரம் கடத்துவதற்காகத்தான் அவளிடம் ஒரு கேள்வியைப் போட்டிருந்தார். “நார்மல்ங்கிறியே, அந்த நார்மல் சத்தம் எப்படி உண்டாகுது, அதைச் சொல்லு முதல்ல.” அதட்டலாகக் கேட்டால் பிள்ளைகள் உளறும். உளறினால் அதைத் திருத்திக்கொண்டே பொழுதை ஓட்டலாம். அவள் உளறவில்லை. “கீழறை ரெண்டும் சுருங்கும்போது ரத்தம் மேலறைக்குத் திரும்பப் பாக்கும் சார். திரும்ப விடாம நடுவுல இருக்கற வால்வு ரெண்டும் மூடிக்கும். அப்ப வர்றது முதல் சத்தம். ரத்தம் வெளிய போனதும் கீழறை தளரும். போன ரத்தம் திரும்பி வரப் பாக்கும். வெளிவாசல்ல இருக்கற வால்வு ரெண்டும் மூடிக்கும். அது ரெண்டாவது சத்தம்.” சரிதான், எல்லாரும் சொல்கிறதுதான். “மூடறதுன்னா எப்படி? கதவு போய் நிலையில மோதுமே, அப்படியா?” இதில் விழுவார்கள். இருபது பேரில் ஒருவர் தப்பினால் ஜாஸ்தி. அவள் தலையை ஆட்டினாள். “இல்ல சார். வால்வு ரொம்ப மெல்லிசு, அது மோதி இவ்வளவு சத்தம் வராது. ஓடிட்டிருந்த ரத்தம் சட்டுனு தடைபட்டு நிக்குது. அந்த வேகத்துல ரத்தம், வால்வு, சுவர் எல்லாமே சேர்ந்து அதிருது. அந்த அதிர்வைத்தான் நாம கேக்கறோம்.” “திறக்கும்போது?” “திறக்கும்போது சத்தம் கிடையாது சார்.” ஒரு கணம் யோசித்து, “நார்மலா,” என்று சேர்த்துக்கொண்டாள். அந்த ‘நார்மலா’வுக்கு அவளைத் தட்டிக்கொடுக்க வேண்டும் போலிருந்தது. குவார்ட்டர்ஸில் இருந்த காலத்தில் குளியலறைக் குழாயைச் சட்டென்று திருகி மூடினால் சுவருக்குள் தட் என்று ஒரு குழாய் உதைக்கும். குழாயடியில் பிள்ளைகளைக் கூட்டிவைத்துக் காட்டுவார். கைப்பிடியாடா சத்தம் போட்டது? ஓடின தண்ணி நின்னது பார், அதுடா. நிற்க மாட்டேன் என்று வருகிறதைத் தடுத்து நிறுத்துகிறபோது வருகிற சத்தம். மனுஷன் உயிரோடு இருக்கிறான் என்பதற்கு அந்தத் தடுத்து நிறுத்துகிற சத்தம்தான் சாட்சி. திறந்து விடுகிறதெல்லாம் ஓசையில்லாமல் நடக்கிறது. இதையும் மேடையில் சொல்லியிருக்கிறார். அதற்கும் கை தட்டினார்கள்.

கட்டில் சட்டத்தை யாரோ தட்டினார்கள். கண்ணைத் திறந்தார். நோயாளிதான். மூச்சை நிறுத்தச் சொன்னவர் விடச் சொல்லவில்லை. ஆள் கழுத்து நரம்பு புடைத்து, முகம் கறுத்து, கண்ணாலேயே கேட்டுக்கொண்டிருந்தான். வாயைத் திறக்க மாட்டேன் என்கிறான். “விடுப்பா, விடு, மூச்சு விடு,” என்றார். முங்கி எழுந்தவன் மாதிரி அவன் காற்றை உள்ளே இழுத்தான். இழுத்தபோது, வட்டு இன்னும் நெஞ்சில்தான் இருந்தது, அந்த ரெண்டாவது சத்தம் லேசாக ரெண்டாகப் பிளந்தது. ட-டப். மூச்சு உள்ளே போனால் வலது பக்க வால்வு ஒரு கண்ணிமைப்பு தாமதித்து மூடும். ஆரோக்கியமான இதயம் அப்படித்தான் செய்யும். அவ்வளவு சுத்தமாக அவருக்குக் கேட்டது அது. அழகான நார்மல். பாடம் நடத்துகிற நார்மல். நாடியைத் தொட்டுப் பார்த்தார், அதுவும் நார்மல் என்றது. கையும் காதும் ஒரே பேச்சாகச் சொல்கின்றன. ஆனால் யார் பேச்சு? தீய்ந்த பருப்புக்கு முன்னால் உட்கார்ந்து பேப்பர் படித்தவனின் பேச்சு. எக்கோவில் இருக்கிறது என்று ஹமீதா சொல்கிறாள். காதுக்கு மட்டும்தான் பிடிபடும் என்று சொல்கிறாள். பிடிபடவில்லை என்று சொன்னால்? சொன்னால் ஹமீதா ஒன்றும் சொல்ல மாட்டாள். பரவாயில்லை சார் என்பாள். அடுத்த வருஷம் கூப்பிட மாட்டார்கள். டீ குடிக்கிற இடத்தில் ஒருத்தர் இன்னொருத்தரிடம், காது போயிருச்சாம் காதுக்கு, என்பார்கள். சிரிப்பார்கள். அவரே சிரித்திருப்பார். சரி, இந்தப் பெண்ணும்தான் இல்லை என்கிறாள். இவளுக்கு என்ன வயசு, பாம்புச் செவி இருக்கும் இவளுக்கு. ஆனால் இவள் பரீட்சைக்கு வந்தவள். பரீட்சைக்கு வந்தவர்கள் பயத்தில் இருக்கிறதைக் கேட்க மாட்டார்கள், இல்லாததைக் கேட்பார்கள். தப்பு பண்ணுவதற்கு அவளுக்கு உரிமை உண்டு. அவருக்குக் கிடையாது. இப்படி ஒரு நியாயம் எங்கிருந்து வந்தது என்று கேட்காமல் அதைப் பிடித்துக்கொண்டார். நிமிர்ந்தார். காதிலிருந்து குழாயைக் கழற்றாமலே, “மர்மர் இருக்கே,” என்றார்.

சொன்ன மாத்திரத்தில் காதுக்குள் ஒன்று நடந்தது. லப்டப் லப்டப் லப்டப். அந்த ஆளின் இதயம் ஓட ஆரம்பித்துவிட்டது. ஏன் ஓடுகிறது? மர்மர் என்றால் என்னவென்று ஆஸ்பத்திரியில் கிடக்கிறவனுக்குத் தெரியும். ஆனால் இவனுக்குத் தெரிந்த சங்கதிதானே, வால்வில் கசிவென்று இவனுக்குத்தான் ஏற்கெனவே சொல்லியிருப்பார்களே, இப்போது என்ன புதிதாகப் பயம்? அந்த இடத்தில் யோசனை லேசாய்ச் சிக்கியது. அவர் நிற்கவில்லை. நின்றிருந்தால் தெரிந்திருக்கும். “நல்லா இருக்கு. தெளிவா இருக்கு. நீ சரியாக் கேக்கல. மறுபடி கேளு,” என்றார் பெனிட்டாவிடம். காதில் என்ன பஞ்சா என்பது நுனி நாக்குக்கு வந்து, நல்லவேளை, உள்ளே போனது. அவள் முகத்தில் ரத்தம் சுண்டியது. குனிந்தாள். தன் ஸ்டெதாஸ்கோப்பை வைத்தாள், எடுத்தாள், அரை அங்குலம் தள்ளி வைத்தாள். ஆளை முன்னால் சாயச் சொன்னாள், மூச்சை நிறுத்தச் சொன்னாள், விடச் சொன்னாள். விடச் சொல்ல அவள் மறக்கவில்லை. அவளும் கண்ணை மூடிக்கொண்டாள். மூடின இமைக்குள் கண்ணுருண்டை அலைவதை அவர் பார்த்துக்கொண்டு நின்றார். சொல்லிவிடாதே, பெண்ணே. இல்லையென்றே சொல்லு. ஒரே ஒரு தடவை இல்லையென்று சொல்லு, அதைப் பிடித்துக்கொண்டு நானும்... அவள் நிமிர்ந்தாள். அவர் முகத்தைப் பார்க்கவில்லை. கட்டில் விரிப்பைப் பார்த்துக்கொண்டு, “கேக்குது சார்,” என்றாள். “எப்ப?” “ரெண்டாவது சத்தத்துக்குப் பிறகு சார்.” “எப்படி?” “மெல்லிசா, ஊதற மாதிரி, போகப் போகக் குறைஞ்சு...” புத்தகத்தில் இருக்கிற வரிகள். எல்லாப் பிள்ளைகளும் நெட்டுருப் போடுகிற வரிகள். ஒரே நெஞ்சில் கை வைத்து ரெண்டு பேர் பொய் சொல்லியாயிற்று. வித்தியாசம் என்னவென்றால் அவளுக்குக் கற்றுக்கொடுத்தது இவர். இவ்வளவு நேரம் காதில்தான் கோளாறு என்று நினைத்துக்கொண்டிருந்தார்.

“ஏண்ணே, எந்திரி, எந்திரி. டீ ஆறிரும்.” பின்னாலிருந்து ஒரு குரல். கையில் தூக்குவாளியும் பொட்டலமுமாய் ஒரு ஆள். அச்சு அசல் கட்டிலில் இருக்கிறவன் ஜாடை, கொஞ்சம் இளசு. கட்டிலில் இருந்தவன் அதுவரைக்கும் இறுக்கி மூடியிருந்த வாயைத் திறந்தான். திறந்தால் மூடுகிறதாயில்லை. “எங்கல போய்த் தொலஞ்ச? டீ வாங்கப் போனியா, தேயில பறிக்கப் போனியா? ஏல மாசானம், எனக்கும் லீக்காம்ல! ரெண்டு பேரும் கேட்டுட்டு சொல்லுதாவ. நல்லா இருக்காம், தெளிவா இருக்காம்!” வந்தவன் வாளியைக் கீழே வைத்தான். “ஏண்ணே, ஒனக்கு எதுக்குப் பாத்தாவ? நாந்தான கேஸு?” சத்தம் கேட்டு அடுத்த வரிசையிலிருந்து ஹமீதா வேகமாக வந்தாள். கட்டிலில் இருந்தவனை ஏற இறங்கப் பார்த்தாள். “நீங்க யாரு?” “நான் பலவேசம்மா. இவன் அண்ணன். டீ குடிச்சிட்டு வாரேன், எந்திரிச்சா எடம் போயிரும், செத்த படுத்துக் கெடன்னு சொல்லிட்டுப் போனான். படுத்துக் கெடந்தேன்.” “டாக்டர் வந்து பார்க்கும்போது நான் அவன் இல்லன்னு சொல்ல வேண்டியதுதானே?” “எங்க சொல்ல? பரீட்ச டாக்டருமாருக்கிட்ட யாரும் வாயத் தொறக்கப்பிடாதுன்னு நர்ஸம்மா காலைலயே சத்தம் போட்டுட்டுல்லா போனாவ. மூச்ச நிறுத்துன்னாரு, அதக்கூட நிறுத்துனேன். பெறவு விடச் சொல்லவே இல்ல மனுசன்.” பக்கத்துக் கட்டிலில் ஒருவர் சிரித்துவிட்டார். சிற்சபேசனுக்கு எல்லாம் ஒரே வீச்சில் விளங்கியது. நார்மல். கேட்டது சரி. அந்த ஒன்றுமில்லை, நெஞ்சுடைய ஒன்றுமில்லைதான். பிளந்து கேட்ட அந்த ட-டப், அதுவும் சரி. இத்தனை வருஷத்து வித்தை கைவிடாமல் கடைசி வரைக்கும் வந்து காதில் சொல்லியிருக்கிறது, இந்த ஆள் நல்லா இருக்கான்யா என்று. அதை வாசலோடு திருப்பி அனுப்பியிருக்கிறார்.

ஹமீதா அவரைப் பார்த்தாள், பெனிட்டாவைப் பார்த்தாள். என்னவோ கணக்குப் போட்டாள். “நீயும் கேக்குதுன்னா சொன்ன?” பெனிட்டா தலையை அசைத்தாள். “நார்மல் ஹார்ட்ல மர்மர் கேட்டுச்சா உனக்கு?” அப்புறம் ஹமீதாவின் முகம் மலர்ந்துவிட்டது. அவரைக் காப்பாற்றுகிறோம் என்றுகூடத் தெரியாமல், முழு விசுவாசத்தோடு, “சார் இன்னும் அப்படியே இருக்கீங்க சார்!” என்றாள். “வேணும்னே இருக்குன்னு சொல்லிப் பாத்திருக்கார்மா உன்னை. நீ நிக்கறியா சாயறியான்னு. எங்களுக்கும் இதே வைத்தியம்தான் அந்தக் காலத்துல. சார் காதுகிட்ட நடக்குமா?” பரீட்சைக்கு வந்திருந்த இரண்டு பையன்கள் அந்தப் பக்கமிருந்து மரியாதையாகப் பார்த்தார்கள். அவ்வளவுதான். கதவு திறந்து கிடக்கிறது. அவர் ஒன்றும் செய்ய வேண்டாம். பொய்கூடச் சொல்ல வேண்டாம். சும்மா லேசாகச் சிரித்தால் போதும், காலையில் சிரித்த அதே சிரிப்பு. இன்னொரு கதை சேரும், நாலு கட்டில் தள்ளிக் கேட்டாராமே, அந்தக் கதையோடு. பெனிட்டா பெயில். ஆறு மாசம் கழித்து எழுதுவாள். அதனால் என்ன, வயசு கிடக்கிறது. நியாயமாகப் பார்த்தால் தப்புதானே, கேட்காததைக் கேட்டேன் என்று சொல்லலாமா ஒரு டாக்டர்? சொல்லலாமா? சொல்லலாமா என்று மனசுக்குள் அவளை அதட்டிக்கொண்டே நிமிர்ந்து பார்த்தார். அவள் கோபமாக நின்றிருந்தால் தேவலை. ஆமாம், நீர்தானே சொன்னீர் என்று ஒரு பார்வை பார்த்திருந்தால் அவரும் முறைத்துக்கொண்டு போயிருப்பார். அவள் ஹமீதா சொன்னதை நம்பிவிட்டாள். காது மடல்வரை சிவந்து, கூனிக் குறுகி, அந்தப் பெரிய மனுஷன் வைத்த சோதனையில் தோற்றுவிட்டோமே என்று நிற்கிறாள். அவர் படவேண்டிய வெட்கத்தை வாங்கித் தன் மேல் போட்டுக்கொண்டு நிற்கிறாள். சௌந்தரம் ஈரத் தலையோடு நின்ற மாதிரி. சொல்லாமல் போய்விட்டேனோ என்னவோ, வயசாகிவிட்டது எனக்கு.

“சோதனையும் இல்ல, ஒரு மண்ணும் இல்ல,” என்றார். குரல் அவருக்கே உரக்கக் கேட்டது. “இவ முதல்ல நார்மல்னுதான் சொன்னா. எனக்கும் நார்மல்னுதான் கேட்டுது. நீ காலைல சொன்னதை வச்சுக்கிட்டு நான்தான் இருக்குன்னு அடிச்சு விட்டேன். நான் சொன்னதுக்குப் பயந்து இவ சொன்னா.” ஹமீதாவின் சிரிப்பு போகிற வழி தெரியாமல் முகத்திலேயே நின்றது. “அதனால என்ன சார். ஆள் மாறினது நம்ம தப்பு. யாருக்கும்...” “இரு. முடிக்கல.” மாசானத்தைக் கட்டிலில் உட்காரச் சொன்னார். சட்டையைத் தூக்கச் சொன்னார். முன்னால் சாய், மூச்சை விட்டு நிறுத்து. வைத்தார். இந்தத் தடவை கண்ணை மூடவில்லை. லப். டப். ஒன்றுமில்லை. அண்ணனுக்கு எப்படியோ அப்படியேதான் தம்பிக்கும். இடம் மாற்றி வைத்தார். லப், டப், ஒன்றுமில்லை. “மூச்சு விடுப்பா,” என்றார். காதிலிருந்து குழாயைக் கழற்றினார். “எனக்கு ரெண்டு பேருக்கும் ஒண்ணுபோலத்தான் கேக்குது. கொஞ்ச காலமாவே இப்படித்தான்.” பெனிட்டாவிடம் தன் ஸ்டெதாஸ்கோப்பை நீட்டினார். “கேளும்மா. புஸ்தகத்துல இருக்கறதைச் சொல்லாதே. கேட்டதைச் சொல்லு.” அவள் தயங்கி வாங்கி மாட்டிக்கொண்டு குனிந்தாள். கொஞ்ச நேரம்தான். புருவம் சேர்ந்தது, பிரிந்தது. “இருக்கு சார்,” என்றாள், இந்தத் தடவை அவர் முகத்தைப் பார்த்து. “ரொம்ப தூரத்துல யாரோ சைக்கிள் டயர்ல காத்தப் பிடுங்கி விடற மாதிரி. அடுத்த சத்தம் வர்றதுக்குள்ள தேஞ்சு போயிருது.” அப்படித்தான் இருக்கும். அப்படியேதான் இருக்கும். எவ்வளவு நாளாயிற்று. “பாஸ் போடு,” என்றார் ஹமீதாவிடம். “மிச்ச இதயமெல்லாம் நீ பாத்துக்கோ. எனக்கு வயிறு இருந்தா குடு, கை கால் விழுந்தது இருந்தா குடு. நெஞ்சு வேண்டாம்.” ஹமீதா, சார் என்றாள். அப்புறம் சரி சார் என்றாள். அந்தச் சரியில் பரிதாபம் இருந்தது. தடித்த சத்தம், அது கேட்டது அவருக்கு.

நகரப் போனவரின் கையை யாரோ பிடித்தார்கள். பலவேசம். கட்டிலைத் தம்பிக்கு விட்டுக்கொடுத்துவிட்டு, சட்டைப் பொத்தானைப் போடாமல், திறந்த நெஞ்சோடு பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தான். இவனை எல்லாருமே மறந்துவிட்டார்கள். “டாக்டர் ஐயா, அப்ப எனக்கு? லீக்கு இல்லியா?” “இல்லப்பா. உனக்கு ஒண்ணுமில்ல. நார்மல். நல்ல நெஞ்சு,” என்றார். இவ்வளவு நேரம் சொல்ல முடியாமல் கிடந்த வார்த்தை, அதைச் சொல்லிவிட்டார். பலவேசம் கையை விடவில்லை. அவர் முகத்தைப் பார்த்தான். அப்புறம் அவர் காதைப் பார்த்தான், இந்தக் காதை, அந்தக் காதை. கையை விட்டுவிட்டு அந்தப் பெண்ணிடம் திரும்பினான். “நீ சொல்லு தாயி.” பெனிட்டா அவரைப் பார்த்தாள். சொல்லு என்று தலையசைத்தார். அவள் பலவேசத்தின் நெஞ்சில் வட்டை வைத்து, அவசரப்படாமல், ஒவ்வொரு இடமாகக் கேட்டாள். அவர் ஸ்டெதாஸ்கோப்பு இன்னும் அவளிடம்தான் இருந்தது. கையை எங்கே வைப்பதென்று தெரியாமல் அவர் நின்றார். “நல்லாருக்கு அண்ணாச்சி. ஒண்ணுமே இல்ல.” “சத்தியமா?” “சத்தியமா.”

பலவேசம் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டான். “ஏல, அந்த டீய எடு,” என்றான்.